சின்ன வேடங்கள் கட்டிய அரங்கம்: எய்ஜிரோ தோனோவும் ஹாயூஸா நாடகக் குழுவும்

1954 ஏப்ரல் 20 அன்று டோக்கியோவின் ரொப்போங்கிப் பகுதியில் ஹாயூஸா நாடகக் குழு தன் சொந்த அரங்கத்தைத் திறந்தது. முதல் நாடகம் அரிஸ்டோஃபனீஸின் ‘லிசிஸ்ட்ராட்டா’. ஆறு நாள் கழித்து, ஏப்ரல் 26 அன்று, அகிரா குரோசாவாவின் ‘ஏழு சாமுராய்’ திரைக்கு வந்தது. படத்தின் தொடக்கத்தில் திருடன் ஒருவன் குழந்தையைத் தூக்கிக்கொண்டு கொட்டகைக்குள் பதுங்குவான். டகாஷி ஷிமுரா தலையை மழித்துத் துறவி வேடம் பூண்டு, கையில் சோற்று உருண்டையோடு வாசலில் போய் நிற்பார். சற்று நேரத்தில் திருடன் தள்ளாடியபடி வெளியே வந்து ஸ்லோமோஷனில் மண்ணில் சாய்வான். அவன் பங்கு அவ்வளவுதான். அந்தத் திருடனாக நடித்த எய்ஜிரோ தோனோ, ரொப்போங்கியில் அரங்கம் எழுப்பிய அதே ஹாயூஸாவைத் தொடங்கிய பத்துப் பேரில் ஒருவர்.

குணச்சித்திர நடிகர் என்றால் ஒன்றிரண்டு காட்சியில் வந்து போகிறவர், பேர் தெரியாவிட்டாலும் முகம் தெரியும் என்று நாம் சொல்லிப் பழகியிருக்கிறோம். தோனோ திரையிலும் தொலைக்காட்சியிலும் வாழ்ந்த வாழ்க்கையைக் கூர்ந்து பார்த்தால் இன்னொரு கணக்கும் தெரியவரும். சின்ன வேடங்களுக்குக் கிடைத்த கூலி ஒரு நாடக நிறுவனத்தை நிலைக்க வைத்தது. அந்த நிறுவனம் தந்த பயிற்சி, சின்ன வேடங்களைப் படத்தின் அச்சாணி ஆக்கியது. ஹாயூஸாவின் வரலாற்றை அதன் மூத்த நடிகர் ஒருவரின் தொழில் வழியே சொல்வதற்கு இதுவே காரணம்.

சுகிஜி வழி வந்தவர்கள்

கபுகி, நோ முதலிய மரபு நாடகங்களிலிருந்து விலகி, ஐரோப்பிய நாடகங்களைப் பயின்று வளர்ந்த நவீன நாடக இயக்கத்தை ஜப்பானில் ஷிங்கெகி என்பார்கள். அந்த இயக்கத்துக்கென்றே ஓர் அரங்கம் அமைந்தது 1924 ஜூன் மாதத்தில். முந்திய ஆண்டு செப்டம்பரில் வந்த பெரும் நிலநடுக்கத்தில் டோக்கியோ சிதைந்து கிடந்தது. ஐரோப்பாவில் நாடகம் பயின்றுகொண்டிருந்த யோஷி ஹிஜிகாடா செய்தி கேட்டு ஊர் திரும்பினார். தன் சொத்தைப் போட்டு, மூத்த இயக்குநர் கவோரு ஒசனாயோடு சேர்ந்து சுகிஜி சிற்றரங்கத்தைக் கட்டினார். ஐந்நூறு பேர்கூட உட்கார முடியாத அந்த இடத்தில்தான் செக்காவும் இப்சனும் கோர்க்கியும் ஜப்பானியர்களுக்கு நெருங்கிய உறவானார்கள்.

பின்னாளில் ஹாயூஸாவின் தலைமை இயக்குநரான கொரேயா செண்டா, சுகிஜியின் முதல் நிகழ்ச்சியிலேயே மேடையேறியவர். சியெகோ ஹிகாஷியாமா வணிகர் ஒருவரின் மனைவியாக மாஸ்கோவில் வாழ்ந்தபோது செக்காவின் ‘செர்ரித் தோட்டம்’ பார்த்தவர். முப்பது வயதைக் கடந்த பிறகே சுகிஜியில் மாணவியாகச் சேர்ந்தார். அதே நாடகத்தின் நாயகி ரனேவ்ஸ்கயா வேடம் பிறகு அவருடைய பெயரோடு ஒட்டிக்கொண்டது.

தோனோ இவர்களுக்கு இளையவர். 1907 செப்டம்பர் 17 அன்று கும்மா மாவட்டத்தின் தொமியோகாவில், சாகே மது வடிக்கும் குடும்பத்தில் பிறந்தார். திரையில் எத்தனையோ குடிகாரர்களாக வாழப்போகிறவருக்குப் பொருத்தமான பிறந்த வீடு. டோக்கியோவில் மெய்ஜி பல்கலைக்கழகத்தில் படிக்கும்போது இடதுசாரி மாணவர் இயக்கத்தில் சேர்ந்தார். படிப்பு பாதியில் நின்றது, தொழிலாளர் நாடகம் அவரை இழுத்துக்கொண்டது. ஒசனாயின் மறைவுக்குப் பிறகு சுகிஜியிலிருந்து பிரிந்து உருவான ஷின்-சுகிஜி குழுவில், கட்சுஜி ஹோன்ஜோ என்ற மேடைப் பெயரோடு 1930களில் நடித்து வந்தார்.

போர்க்கால அரசு இந்த நாடகங்களை நெடுநாள் பொறுத்துக்கொள்ளவில்லை. 1940 ஆகஸ்டில் ஷின்-சுகிஜி, ஷின்கியோ ஆகிய இரு குழுக்களின் மீதும் போலீஸ் பாய்ந்தது. ஏறத்தாழ நூறு பேர் கைதானார்கள், குழுக்கள் கலைக்கப்பட்டன. சிறை சென்றவர்களில் தோனோவும் செண்டாவும் உண்டு. வெளியே வந்த தோனோ மேடைப் பெயரை விட்டுவிட்டுச் சொந்தப் பெயரிலேயே தொழிலைத் தொடர்ந்தார்.

பத்துப் பேர்

1944 பிப்ரவரி 10 அன்று ஹாயூஸா பிறந்தது. போர் தோற்கும் கட்டத்தை நெருங்கிக்கொண்டிருந்தது. நாடகக்காரர்களுக்குத் தொழிற்சாலைகளிலும் கிராமங்களிலும் நடமாடும் நிகழ்ச்சிகள் நடத்துவதைத் தவிர வேறு வழி இருக்கவில்லை. அந்த நேரத்தில் கூடிய பத்துப் பேரில் செண்டா, தோனோ, ஹிகாஷியாமா ஆகியோரோடு மூத்த இயக்குநர் சுகிசாகு அவோயாமா, நடிகர் எய்டாரோ ஒசாவா, நடிகைகள் தெருகோ கிஷி, சச்சிகோ முராசே ஆகியோரும் இருந்தார்கள். நடிகர்களின் குழு என்பதுதான் அவர்கள் வைத்த பெயரின் பொருள். இயக்குநரையோ நாடகாசிரியரையோ மையமாக வைக்காமல், நடிப்புத் தொழிலை முறையாகக் கற்றுக்கொள்ளும் இடமாகக் குழுவை வளர்க்க வேண்டும் என்பது செண்டாவின் திட்டம். நான்கு ஆண்டு ஜெர்மனியில் இருந்து பயின்று வந்த அவர், 1949இல் நவீன நடிப்புக்கலை பற்றிய தம் பாடநூலையும் வெளியிட்டார்.

1945 மார்ச் விமானத் தாக்குதலில் சுகிஜி சிற்றரங்கம் எரிந்து போயிற்று. போர் முடிந்ததும் 1946 மார்ச்சில் கோகோலின் ‘அரசாங்க ஆய்வாளர்’ நாடகத்தோடு ஹாயூஸா பொதுமக்கள் முன் வந்தது. நாடகங்கள் பேசப்பட்டன. ஆனால் ஒத்திகைக்கு இடம் வேண்டும், அரங்க வாடகை வேண்டும், நடிகர்கள் சாப்பிட வேண்டும். செக்காவை நடத்தி யாரும் பணக்காரர் ஆனதில்லை. பணம் சினிமாவில் இருந்தது.

படக்கூலியும் ஐந்து கம்பெனி ஒப்பந்தமும்

ஹாயூஸா உறுப்பினர்கள் ஸ்டூடியோக்களுக்குப் போய்ப் படங்களிலும், வானொலி நாடகங்களிலும் நடித்தார்கள். வந்த வருமானத்தில் ஒரு பங்கைக் குழுவுக்குக் கொடுத்தார்கள். ரொப்போங்கி அரங்கம் பெருமளவும் அந்தப் பணத்தில் எழுந்தது. கென்ஜி மிசோகுச்சியின் ‘உகெட்சு’ (1953) படத்தில் சாமுராய் ஆகும் ஆசையில் மனைவியைக் கைவிட்டு ஓடும் தோபெய்யாக வந்த ஒசாவா, இயக்குநர் ஓசுவின் ‘டோக்கியோ கதை’யில் (1953) தாயாக வந்த ஹிகாஷியாமா, நாம் கண்ட திருடன் என்று ஆளுக்கொரு செங்கல் எடுத்துக் கொடுத்திருக்கிறார்கள்.

இந்த ஏற்பாடு பலித்ததற்குத் தொழில் நிலவரமும் ஒரு காரணம். 1953 செப்டம்பரில் ஷோச்சிகு, தோஹோ, தாய்யெய், ஷின்தோஹோ, தோயெய் ஆகிய ஐந்து கம்பெனிகளும் ஓர் ஒப்பந்தம் போட்டுக்கொண்டன. ஒருவர் ஒப்பந்தம் செய்து வைத்திருக்கும் நட்சத்திரத்தையும் இயக்குநரையும் இன்னொருவர் கவர்ந்து போகக் கூடாது, இரவலும் தரக் கூடாது என்பது அதன் சாரம். நட்சத்திரங்கள் ஆளுக்கொரு கம்பெனிச் சுவருக்குள் அடைபட்டார்கள். நாடகக் குழுக்காரர்கள் எந்தக் கம்பெனிக்கும் ஆயுள் ஒப்பந்தம் எழுதிக் கொடுத்தவர்கள் அல்லர். ஆகவே காலையில் ஒரு ஸ்டூடியோ, மறுவாரம் இன்னொரு ஸ்டூடியோ என்று அவர்களால் போக முடிந்தது. ஷோச்சிகுவின் ஓசு படத்திலும் தோஹோவின் குரோசாவா படத்திலும் ஒரே முகத்தை நாம் பார்ப்பதன் ரகசியம் இது. கதாநாயகனுக்குக் கிடைக்காத சுதந்திரம் துணை வேடக்காரருக்குக் கிடைத்தது.

தோனோவின் 1962ஆம் ஆண்டை மட்டும் எடுத்துக்கொண்டாலே போதும். கிரியோ உராயாமா நிக்கட்சு கம்பெனிக்காக இயக்கிய முதல் படத்தில் அவர் கவாகுச்சி நகரத்து வார்ப்பாலைத் தொழிலாளி. வேலை போனவர், குடிப்பவர், மகளின் மேற்படிப்பைப் பற்றிக் கவலைப்படாதவர், தொழிற்சங்கத்தின் உதவி என்றாலே முகத்தைத் திருப்பிக்கொள்பவர். தொழிலாளர் நாடகம் நடத்திச் சிறைக்குப் போன மனிதர் சங்கத்தை வெறுக்கும் தொழிலாளியாக நடித்தார். அதில் கேலி துளியும் இல்லை. அந்த மனிதனின் கைத்தொழில் கர்வமும் வீம்பும் பயமும் அவருக்குத் தெரிந்திருந்தன. அதே ஆண்டு நவம்பரில் ஷோச்சிகுவிலிருந்து ஓசுவின் கடைசிப் படம் வந்தது.

ஓசுவின் வாத்தியார், குரோசாவாவின் கடைக்காரர்

உலகம் ‘ஆன் ஆட்டம் ஆஃப்டர்நூன்’ என்று அறிந்த அந்தப் படத்தில் தோனோ ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர். பழைய மாணவர்கள் அவருக்கு விருந்து வைக்கிறார்கள். சாப்பிடும் மீன் என்னவென்றுகூட அவருக்குத் தெரியவில்லை. குடித்து நிலைதடுமாறியவரை வீட்டில் விடப்போகும் மாணவர்கள், அவர் ஒரு மலிவான நூடுல்ஸ் கடை நடத்துவதையும், மணமாகாமல் வயதேறிப்போன மகள் அவரைப் பார்த்துக்கொள்வதையும் காண்கிறார்கள். தன் வசதிக்காக மகளை வீட்டோடு வைத்துக்கொண்டுவிட்டேன் என்று பிறகு அந்த வாத்தியார் போதையில் புலம்புகிறார். படத்தின் நாயகன் தன் மகளுக்கு மாப்பிள்ளை பார்க்கத் துணிவது இந்தப் புலம்பலைக் கேட்ட பிறகுதான். சில காட்சிகளில் மட்டும் வரும் வாத்தியாரை எடுத்துவிட்டால் கதையே நகராது.

அப்போது தோனோவுக்கு வயது 55. அவருடைய மாணவராக நடித்த சிஷு ரியு 1904இல் பிறந்தவர், வாத்தியாரைவிட மூன்று வயது மூத்தவர். ‘டோக்கியோ கதை’யிலோ ரியுவும் தோனோவும் ஒரே வயதுக் கிழவர்களாக நடித்திருந்தார்கள். அதில் தோனோ ஒனொமிச்சியில் போலீஸ் அதிகாரியாக இருந்த நுமாட்டா. டோக்கியோவில் மகன் பெரிய பதவியில் இருக்கிறான் என்று பீற்றிக்கொண்டவர், கோப்பை காலியாகக் காலியாக உண்மையைக் கக்குவார். பெற்றோர் எல்லாருக்கும் உள்ள ஏமாற்றத்தை ரியு தானாக உரத்துச் சொல்லமாட்டார். அதைச் சொல்வதற்கு ஒரு குடிகாரர் தேவைப்பட்டார். அடங்கிய நாயகனுக்குப் பக்கத்தில் அடங்காத ஒருவரை உட்கார வைத்து, நாயகன் மனத்தில் உள்ளதை அவர் வாயால் வரவழைப்பதுதான் ஓசு தோனோவிடம் வாங்கிய வேலை.

குரோசாவா அவரிடம் கேட்டது வேறு. ‘யோஜிம்போ’வில் (1961) அவர் சாராயக் கடைக்காரர் கோன்ஜி. ஊர் இரண்டு கும்பல்களாகப் பிளந்து கிடப்பதை ஜன்னலைத் திறந்து காட்டி, யார் யார் எந்தப் பக்கம் என்று நாயகனாக வரும் மிஃபூனேக்கு விளக்குகிறவர் அவர்தான். நாயகனைத் திட்டிக்கொண்டே சோறு போடுவார், ஊரை விட்டுப் போய்விடு என்பார், கடைசியில் அடிபட்டுக் கிடக்கும் அவனைச் சவப்பெட்டியில் ஒளித்துக் கடத்துவார். ஊரில் எல்லாரும் விலைபோய்விட்ட கதையில் மனச்சாட்சி அந்தக் கடைக்காரரிடம் மட்டுமே மிச்சமிருக்கிறது. உபதேசமாகப் போய்விடக்கூடிய அந்த வேடத்தை எரிச்சலால் நிரப்பினார் தோனோ. ‘அதல பாதாளம்’ (1957) படத்தில், சாகக் கிடக்கும் மனைவியின் பக்கத்திலேயே உட்கார்ந்து உலோகத்தைத் தேய்த்துக்கொண்டிருக்கும் பாத்திரம் செப்பனிடுபவராகவும் இதே எரிச்சலை வேறு சுருதியில் காட்டியிருந்தார். அது கோர்க்கியின் நாடகம், சுகிஜிக்காரர்களுக்குச் சொந்த வீடு மாதிரி.

பயிற்சிக்கூடம்

ஹாயூஸா 1949இல் தொடங்கிய மூன்றாண்டு நடிப்புப் பயிற்சிக்கூடம் 1967 வரை பதினாறு அணி மாணவர்களை வெளியே அனுப்பியது. குழுவின் பெரிய சாதனை ரொப்போங்கிக் கட்டடமா இந்தப் பள்ளியா என்று கேட்டால் பள்ளி என்றுதான் சொல்ல வேண்டும்.

நான்காம் அணியில் படித்த டட்சுயா நகாடாய், மாணவராக இருந்தபோதே ‘ஏழு சாமுராய்’ படத்தில் தெருவில் நடந்து போகும் ஒரு சாமுராயாகச் சில நொடி வந்தார். நடையே சரியில்லை என்று குரோசாவா திரும்பத் திரும்ப நடக்கவிட்டதைப் பின்னாளில் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். ஏழே ஆண்டில் ‘யோஜிம்போ’வில் கைத்துப்பாக்கியோடு வரும் உனோசுகே அவர்தான். அதே படத்தில் அவருடைய ஆட்களிடம் அடிவாங்கிக் கயிற்றில் தொங்கும் கோன்ஜி, அவருடைய குழுவை நிறுவிய பெரியவர்.

அதே நான்காம் அணியில் கெய் சாடோ, இச்சிரோ நகாதானி. ஏழாம் அணியில் குனியெ தனாகாவும் ஹிசாஷி இகாவாவும். பதினைந்தாம் அணியை ‘பூத்த அணி’ என்றே சொல்வார்கள்: யோஷியோ ஹரதா, இசாவோ நட்சுயாகி, டாகேயோ சீ, கொமாகி குரிஹாரா, கிவாகோ ஓட்டா எல்லாரும் ஒரே வகுப்பு. ஜப்பானியப் படங்களில் வில்லனின் கையாள், அலுவலக மேலாளர், மூன்றாவது போலீஸ்காரர் ஆகியோர்கூட ஏன் அவ்வளவு நம்பகமாக இருக்கிறார்கள் என்ற கேள்விக்குப் பாதி விடை இந்தப் பட்டியலில் இருக்கிறது. குழுவின் மேடைப் பணியும் தளரவில்லை. செண்டா பிரெக்ட்டை ஜப்பானுக்குக் கொண்டுவந்தார். கோபோ அபேயின் ‘பேய் இங்கே இருக்கிறது’ 1958இல் அவருடைய இயக்கத்தில் மேடையேறியது.

திங்கள் இரவு எட்டு மணி

1958இல் ஜப்பானியத் திரையரங்குகளில் 112 கோடிக்கும் மேல் டிக்கெட் விற்றது. 1965இல் அது 37 கோடி அளவுக்குச் சரிந்தது. இடையில் வீட்டுக்குள் தொலைக்காட்சிப் பெட்டி வந்துவிட்டது. ஓசு ‘ஓஹாயோ’ (1959) படத்திலேயே இதை விளையாட்டாகக் காட்டியிருந்தார். டிவி வேண்டும் என்று பிள்ளைகள் பேசாமடந்தை விரதம் இருப்பார்கள். வேலையிலிருந்து ஓய்வுபெற்ற பக்கத்து வீட்டுக்காரருக்கு மின்சாதன விற்பனையாளர் வேலை கிடைக்க, அவரிடமே அப்பா டிவி வாங்குவார். அந்த விற்பனையாளர் தோனோ.

பத்து ஆண்டு கழித்து, 1969 ஆகஸ்ட் 4 அன்று, தோனோவே பெட்டிக்குள் வந்து உட்கார்ந்தார். டிபிஎஸ் தொலைக்காட்சியில் மட்சுஷிதா மின்சாதன நிறுவனத்தின் ஆதரவோடு திங்கள் இரவு எட்டு மணிக்கு ஒளிபரப்பான ‘மித்தோ கோமோன்’ தொடர் அது. தொகுகாவா வம்சத்து மிட்சுகுனி (1628–1701) என்ற உண்மையான பிரபுவைச் சுற்றி எழுந்த கற்பனை. பட்டு வியாபாரி வேடத்தில் இரண்டு துணைவர்களோடு ஊர் ஊராகப் போவார். கொடுங்கோல் அதிகாரிகளைக் கண்டுபிடிப்பார். முடிவில் துணைவர் குலச்சின்னம் பொறித்த சிமிழை உயர்த்திக் காட்டியதும் கெட்டவர்கள் எல்லாரும் தரையில் விழுவார்கள்.

முதலில் அந்த வேடத்துக்குப் பேசப்பட்டவர் ஹிசாயா மோரிஷிகே. அவருடைய கம்பெனியான தோஹோ சம்மதிக்கவில்லை. கம்பெனிச் சுவர் ஒரு நட்சத்திரத்தை மறுபடியும் தடுத்தது, குழுக்காரருக்கு மறுபடியும் வழி திறந்தது. 61 வயதில் தோனோ கதாநாயகனானார். 1983 வரை பதின்மூன்று தொடர்களில் 381 பகுதிகள் நடித்தார். 1979 பிப்ரவரி 5 அன்று ஒளிபரப்பான பகுதியை 43.7 விழுக்காட்டு வீடுகள் பார்த்தன. வாய்விட்டுக் ‘கக்கக்கா’ என்று சிரிக்கும் அவர் சிரிப்பைச் சின்னப் பிள்ளைகளும் போலி செய்தார்கள்.

பிரபுவாக நடித்தாலும் அவர் சினிமாவில் வாழ்ந்த கிழவர்களை விட்டுவிடவில்லை. பசி எடுத்தால் முகம் சுருக்குவார், சின்ன விஷயத்துக்குக் கோபிப்பார், துணைவர்களை வம்புக்கு இழுப்பார். சிமிழ் வெளியே வரும் வரை அவரை ஒரு பிரபு என்று நம்ப முடியாது. தொடரின் சூத்திரமே அந்த நம்பிக்கையின்மையில்தான் தங்கியிருந்தது. நட்சத்திர மிடுக்கோடு ஒருவர் நடந்து வந்திருந்தால் வேடம் முதல் காட்சியிலேயே கலைந்திருக்கும். காற்றாடியை எறிந்து எச்சரிக்கும் யாஷிச்சியாகப் பல்லாண்டு கூட வந்தவர் பயிற்சிக்கூடத்தின் நான்காம் அணி மாணவர் நகாதானி. தோனோ விலகியதும் வேடத்தை ஏற்ற கோ நிஷிமுராவும் குணச்சித்திர நடிகரே. ‘யோஜிம்போ’ கும்பலில் அவரும் உண்டு.

இடையில் 1970இல், பேர்ல் துறைமுகத் தாக்குதல் பற்றிய ‘தோரா! தோரா! தோரா!’ படத்தில் தோனோ கடற்படைத் தளபதி நகுமோவாகவும் செண்டா பிரதமர் கொனோயேவாகவும் நடித்தார்கள். 1940இல் போலீஸ் பிடித்துப்போன இருவர், அந்தக் காலத்து அரசின் இரண்டு பெரிய மனிதர்களாக ஒரே படத்தில் வந்தது ஹாயூஸா வரலாற்றின் விசித்திரங்களில் ஒன்று.

பிரிவுகளும் மிச்சமும்

குழுவில் பிளவுகளும் வந்தன. 1954இலேயே இளைய உறுப்பினர்கள் பிரிந்து செய்னென்ஸா என்ற குழுவைத் தொடங்கினார்கள். 1970களின் தொடக்கத்தில் ஹரதாவும் நடிகை எட்சுகோ இச்சிஹாராவும் வெளியேறினார்கள். நகாடாய் 1975இல் மனைவியோடு சேர்ந்து முமெய்ஜுகு என்ற சொந்தப் பள்ளியைத் தொடங்கி, சில ஆண்டில் ஹாயூஸாவை விட்டார். போனவர்களில் பலர் வேறு இடத்தில் மறுபடியும் ஒரு குழுவையோ பள்ளியையோதான் கட்டினார்கள். அதை ஹாயூஸாவின் தோல்விக் கணக்கில் எழுத முடியாது.

ரொப்போங்கி அரங்கம் 1980இல் 300 இருக்கைகளோடு புதுப்பிக்கப்பட்டது. 1994 செப்டம்பர் 8 அன்று தோனோவும் டிசம்பர் 21 அன்று செண்டாவும் மறைந்தார்கள். அது குழுவின் ஐம்பதாம் ஆண்டு. 2025 ஏப்ரலில் அரங்கம் மூடப்பட்டது. நிலத்தின் விலை ஏறிப்போன ரொப்போங்கியில், நடிகர்களின் கூலியில் எழுந்த அரங்கம் 71 ஆண்டு தாக்குப்பிடித்தது. குழு இன்னும் நாடகம் நடத்துகிறது.

தோனோவுக்கு நாடறிந்த புகழ் வந்தது 61 வயதில். அவரோடு சேர்ந்து ஹாயூஸாவைத் தொடங்கிய சச்சிகோ முராசேக்கு அவருடைய பெரிய திரை வேடம் வந்தது 86 வயதில்: குரோசாவாவின் ‘ராப்சடி இன் ஆகஸ்ட்’ (1991) படத்தில் நாகசாகிப் பாட்டி. அவருடைய மகனாக நடித்தவர் பயிற்சிக்கூடத்து இகாவா. இவ்வளவு காலம் ஒரு நடிகர் தேயாமல் இருப்பதற்குத் திறமை மட்டும் போதாது. படம் இல்லாத மாதங்களில் திரும்பி வர ஒரு மேடையும், பிழை சொல்லத் தோழர்களும், தனக்குப் பின்னால் வருகிறவர்களுக்குக் கற்றுத்தரும் கடமையும் வேண்டும். அந்தப் பத்துப் பேர் தங்களுக்காகவே இவை மூன்றையும் உண்டாக்கிக்கொண்டார்கள். செலவைத் திருடனும் குடிகாரனும் கடைக்காரனும் சம்பாதித்துக் கொடுத்தார்கள்.